வெள்ளைக்காரன் தொட்டியும் நைனாவின் செருப்பும்

அந்தத் தொட்டியை நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். வெள்ளைக்காரன் காலத்துக் குளியல் தொட்டி. கல்வராயன் மலையில் பாழடைந்து கிடந்த ஒரு பங்களாவின் சாமான்களை ஏலம் விட்டபோது, எங்கள் நைனா, அதாவது அப்பா, மாட்டுக்குத் தண்ணீர் காட்ட உதவும் என்று அதை வாங்கி, டிராக்டரில் ஏற்றி வடக்கனந்தலுக்குக் கொண்டுவந்தார். வேலியில் போன ஓணானை எடுத்து மடியில் விட்டுக்கொண்ட கதைதான். முதல் நாளே தண்ணீர் ஒழுகியது. கொட்டகைக்குப் பின்னால் கவிழ்த்துப் போட்டுவிட்டோம்.

பிறகு அம்மா மாட்டுக் கொட்டகையில் வழுக்கி விழுந்தாள். இடுப்பு பிடித்துக்கொண்டது. நின்றால் உட்கார முடியாது, உட்கார்ந்தால் எழுந்திருக்க முடியாது. கள்ளக்குறிச்சி டாக்டர் ஊசி போட்டுவிட்டு, தினமும் இடுப்பளவு வெந்நீரில் உட்காரச் சொன்னார். உடனே நைனாவுக்குத் தொட்டி ஞாபகம் வந்தது. ஆள் வைத்துத் தூக்கிவந்து குளிக்கிற மறைப்புக்குள் போட்டார்.

வெந்நீர் ஊற்றி அம்மாவை உட்காரவைத்தேன். இடுப்பில் சூடு ஏறுவதற்குள் தண்ணீர் கணுக்காலுக்கு இறங்கிவிட்டது.

தண்ணீர் போகிற ஓட்டைக்கு ஒரு பித்தளை மூடி. தொட்டியின் வெளிப்பக்கம் ஒரு திருகு. அதைத் திருப்பினால் உள்ளே ஒரு கம்பி மூடியைத் தூக்கும், இறக்கும். மூடிக்கு அடியில் இருக்கவேண்டிய ரப்பர் வளையம் மக்கி உதிர்ந்துபோயிருந்தது. மூடியைக் கழற்ற முடிந்தது. கம்பி துருப்பிடித்து அசைய மாட்டேன் என்றது. கட்டையை அடித்து ஓட்டையை அடைக்கலாம் என்றால் நடுவில் அந்தக் கம்பி நிற்கிறது. துணி சுற்றினேன், ஒழுகியது. சைக்கிள் டியூபை வெட்டி வைத்தேன், அது சுருண்டுகொண்டு இன்னும் ஜாஸ்தியாக ஒழுகியது. “சனியனே!” என்று கத்தி ஸ்பேனரை வீசி எறிந்தேன்.

“வுடு கண்ணு, நாளைக்கிப் பாத்துக்கலாம்” என்றாள் அம்மா, பல்லைக் கடித்துக்கொண்டு. வலியில் அவள் கண் கலங்கியிருந்தது.

நைனா சும்மா இருக்கவில்லை. உளுந்தூர்பேட்டை வழியாக விழுப்புரம் போகிற பஸ் கண்டக்டரிடம் அளவு கொடுத்து, வளையம் வாங்கிவரச் சொல்லியிருந்தார். கிடைத்துவிட்டது, நாளைக்குக் கொண்டுவருகிறேன் என்று கண்டக்டரும் சொல்லியனுப்பினார். அந்த நாளைக்குத்தான் சாலை மறியல். இடஒதுக்கீட்டுப் போராட்டம் சூடாகியிருந்த நேரம். ஊர் ஊராகப் புளியமரத்தை அறுத்து ரோட்டின் குறுக்கே சாய்த்தார்கள். எங்கள் ஊர் மரத்தை அறுத்த ரம்பத்தின் ஒரு முனை யார் கையில் இருந்தது என்கிறீர்கள்? எங்கள் நைனா கையில்தான்!

மத்தியானம் சோறு தின்ன வந்தவரிடம் சண்டைக்குப் போனேன்.

“அம்மாவுக்கு ரப்பர் வரணும்னு தெரியும் இல்ல? ஒரு பஸ்ஸுக்கு வழி வுட்டா இன்னா நைனா?”

“நம்ம வூட்டு ரப்பருக்கு வழி வுட்டா, அல்லாரும் வந்து கேப்பான். யாருக்காவடி வெயில்ல நிக்கறேன்? படிச்சிட்டு வூட்ல குந்திக்கினு இருக்கியே, உனக்கு ஒரு வேலை வரணும்னுதான்.”

“என் வேலை எப்ப வந்தா இன்னா? அம்மாவுக்கு இப்ப வலிக்குது!”

அவர் சோற்றைப் பிசைந்தார். எனக்கு ஆத்திரம் தலைக்கேறியது. வெளியே வந்தேன். வாசலில் அவருடைய புது ஹவாய் செருப்பு கிடந்தது. நல்ல தடிமனான ரப்பர். யோசிக்கவே இல்லை. ஒரு செருப்பை அரிவாள்மனையில் வைத்து, குதிகால் பக்கத்தை வட்டமாக அறுத்து, நடுவில் ஓட்டை போட்டுக் கம்பியில் செருகி, மேலே மூடியைத் திருகினேன்.

நைனா வந்து செருப்பைப் பார்த்தார். “அடிப்பாவி! வேற ரப்பரே கெடைக்கலியா உனக்கு?”

“கெடைச்சுது. உன் மரத்துக்கு அந்தாண்ட நிக்குது.”

நைனா அந்த வெயிலில் வெறுங்காலோடு ரோட்டுக்குப் போனார். போகட்டும் என்றுதான் இருந்தது எனக்கு.

தொட்டியை நிரப்பிவிட்டு அடியில் குனிந்து பார்த்தேன். ஒழுகவில்லை. என்னாலேயே நம்ப முடியவில்லை! அண்டா அண்டாவாக வெந்நீர் போட்டு மாற்றி ஊற்றினேன். அம்மாவைத் தாங்கிப் பிடித்துக் கூட்டிவந்தேன். ஆவியைப் பார்த்ததும் அவள் முகமே மாறிவிட்டது. தொட்டி விளிம்பில் கையும் வைத்துவிட்டாள். அப்போதுதான் பக்கத்து வீட்டு அத்தை ஓடிவந்தாள்.

“அக்கா, மறியல்ல நின்னவங்கள அல்லாம் போலீஸ் வேன்ல ஏத்திக்கினு போயிட்டாங்க! உன் வூட்டுக்காரரையும்தான். ஏதோ கல்யாண மண்டபத்துல அடைச்சு வச்சிருக்காங்களாம். கால்ல செருப்புகூட இல்லக்கா அவருக்கு.”

அம்மா விளிம்பிலிருந்து கையை எடுத்தாள்.

“குந்தும்மா, தண்ணி ஆறுது.”

“அவுரு அங்க வெறுங்காலோட கட்டாந்தரையில குந்திக்கினு இருப்பாரு. நான் இங்க வெந்நீர்ல சொகமா குந்தணுமா? போடி.”

கெஞ்சினேன். திட்டினேன். உனக்காகத்தானேம்மா அறுத்தேன் என்று அழுதேகூடப் பார்த்தேன். அவள் அசையவில்லை. உட்காரவும் முடியாமல் சுவரைப் பிடித்துக்கொண்டு, தெருவைப் பார்த்து நின்றுகொண்டே இருந்தாள். பொழுது சாய்ந்த பிறகு தொட்டிக்குள் கையை விட்டுப் பார்த்தேன். ஒரு சொட்டுகூடக் குறையாமல், பச்சைத் தண்ணீராக நின்றது.