ரீச்சரின் கையில் குறைந்த அரை மணி

வவுனியா மண்டபத்துச் சுவர்மணிக்கூட்டில் இரண்டு இருபது. றெஜினா ரீச்சரின் கைமணிக்கூட்டில் ஒன்று ஐம்பது. இரண்டையும் மாறி மாறிப் பார்த்தேன். அந்தக் கைமணிக்கூட்டுக்கு முதல்நாள் பற்றறி மாற்றியவன் நான்.

முல்லைத்தீவில் எனக்கு மணிக்கூடு திருத்தும் கடை. சண்டை ஓய்ந்து வன்னிக்குப் பாதை திறந்திருந்த சமாதான காலம் அது. இப்போதைய பிள்ளைகளுக்குச் சொன்னால் பகிடி என்பார்கள்: அப்போது எங்களுக்கு இரண்டு நேரம். அரசாங்கம் நேரத்தை மாற்றியது, இயக்கத்தின் கையிலிருந்த எங்கள் வன்னி மாற்றவில்லை. எங்களிடம் பழைய நேரம். ஓமந்தைச் சோதனைச்சாவடியைத் தாண்டினால் புதிய நேரம், அரை மணி கூட. முல்லைத்தீவில் ஒன்றரை என்றால் வவுனியாவில் இரண்டு.

ரீச்சர் தான் படிப்பித்த பள்ளிக்கூடத்துக்கு ஒரு நாடகம் எழுதியிருந்தார். கற்பனை நாடொன்றில் மணிக்கூடு ஆண்ட காலத்தின் கதை. அங்கே மணி அடித்தால்தான் தும்மலாம், மணி அடித்தால்தான் அழலாம். பிந்தி வருகிறவனின் பெயரை ராசா ஏட்டிலிருந்து வெட்டிவிடுவார். பிறகு ஒருவரும் அவனைப் பெயர் சொல்லிக் கூப்பிடக் கூடாது. மேடைக்குப் பெரிய மணிக்கூடு செய்தது நான். பலகை, மூன்று சைக்கிள் பற்சில்லு, ஒரு செயின், ஒரு பெடல். பின்னால் குந்தியிருந்து பெடலைச் சுற்றினால் ஆளுயர முள் நகரும். அதைச் சுற்ற நானும் போட்டிக்குக் கூடப் போவதாக ஏற்பாடு.

வவுனியாவில் போட்டி. முதலிடம் வந்தால் கொழும்புக்கு ரயிலில் போகலாம். பதினான்கு பிள்ளைகளில் ரயில் கண்டவள் ராசாவாக நடித்த றிஸ்வானா மட்டும்தான். அவளுடைய குடும்பம் புத்தளத்தில் இடம்பெயர்ந்து இருந்துவிட்டு அப்போதுதான் திரும்பியிருந்தது. ஒத்திகை ஓய்வில் மற்றவர்கள் அவளைச் சுற்றியிருந்து ரயிலைப் பற்றியே கேட்பார்கள்.

முதல்நாள் ரீச்சர் கைமணிக்கூட்டைக் கொண்டுவந்தார்.

"பற்றறி போட்டு, புது நேரத்திலை வைச்சு விடுங்கோ அண்ணை. விடிய வந்து எடுக்கிறன்."

"ஓம் ரீச்சர். என்ரை கை பட்டால் ஒரு நிமிசம் பிசகாது."

எனக்கு அப்போது வாய் கொஞ்சம் கூடுதல்.

சொன்னபடியே புது நேரத்தில் வைத்துக் கொக்கியில் கொழுவினேன். ஆனால் காலையில் கடை திறந்ததும் கொழுவியிருக்கும் எல்லா மணிக்கூடுகளையும் சுவர்மணிக்கூட்டோடு ஒப்பிட்டுச் சரியாக்குவது என் பன்னிரண்டு வருசப் பழக்கம். அன்றும் செய்தேன். ஒன்று அரை மணி முந்தி ஓடியது. இதென்ன கேடுகெட்ட ஓட்டம் என்று சாவியை இழுத்து முள்ளைப் பின்னால் திருப்பினேன். யாருடையது என்று பார்க்கவேயில்லை. வெளியே எங்களை வவுனியாவுக்கு ஏற்ற வந்த வான் ஹோர்ன் அடித்துக்கொண்டிருந்தது. ரீச்சர் தானே வந்து கொக்கியிலிருந்து எடுத்துக் கட்டிக்கொண்டார்.

ஓமந்தையில் சோதனை நினைத்ததைவிடக் கெதியாக முடிந்தது. வவுனியா வந்ததும் ரீச்சர் கையைப் பார்த்தார்.

"இன்னும் முக்கால் மணி கிடக்கு. பிள்ளையள் தேத்தண்ணி குடிக்கட்டும்."

வேலைக்கு இடைஞ்சல் என்று நான் கையில் மணிக்கூடு கட்டுவதில்லை. வான்காரரும் ரீச்சரின் கையை நம்பித்தான் ஓடினார். ஆறுதலாக வடையும் தின்றோம்.

மண்டபத்தில் போட்டிப் பொறுப்பாளர் எங்கள் பள்ளிக்கூடத்தின் பெயரைச் சிவப்புப் பேனையால் வெட்டியிருந்தார்.

"ரெண்டு மணி எண்டு கடிதத்திலை கிடக்கு ரீச்சர். உங்கட நேரத்தை அங்கையே விட்டிட்டு வந்திருக்க வேணும்."

"புது நேரத்துக்குத்தான் ஐயா வந்தனாங்கள்," என்று ரீச்சர் கையை நீட்டினார். சுவரைப் பார்த்துவிட்டு உடனே இறக்கினார். "சரி, என்ரை பிழைதான். பிள்ளையளை ஒருக்கா மேடை ஏற விடுங்கோ."

நான் பக்கத்தில்தான் நின்றேன். வாய் திறக்கவில்லை. இதை எழுதும்போதும் வெட்கமாக இருக்கிறது.

போட்டிக்குப் புள்ளி போடாமல், எல்லாரும் முடித்த பிறகு நடிக்க விட்டார்கள். "பிந்தினவன்ரை பேரை வெட்டு!" என்று றிஸ்வானா கத்தியபோது சபை சிரித்துக் கைதட்டியது. பின்னால் பெடல் சுற்றிக்கொண்டிருந்த எனக்கு முகம் எரிந்தது.

திரும்பும்போது ரீச்சர் வானை ரயில் ஸ்ரேசனில் நிறுத்தச் சொன்னார். "ஏறாட்டியும் பாத்திட்டாவது போகட்டும்." பிள்ளைகள் வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். ரீச்சர் மணிக்கூட்டைக் காதில் வைத்துப் பார்த்தார்.

"பற்றறி கூடாதோ அண்ணை?"

ஓம் என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் தப்பியிருப்பேன்.

"பற்றறி நல்லது ரீச்சர். காலமை நான்தான் பழைய நேரத்துக்குத் திருப்பினனான். பழக்கத்திலை செய்துபோட்டன்."

"அந்தாள் என்னை ஏசேக்கை நீங்கள் பக்கத்திலைதானே நிண்டனீங்கள்?"

"ஓம்."

"இனி இந்த மணிக்கூட்டிலை கை வையாதேங்கோ."

ரயில் வந்தது. பிள்ளைகள் போட்ட கூச்சலில் வேறொன்றும் கேட்கவில்லை.

அதன்பிறகு ரீச்சர் கடைக்கு வரவில்லை. பற்றறிக்குப் புதுக்குடியிருப்புக்குப் போனதாகக் கேள்வி. எனக்கு அது வேண்டும்தான். அன்று முதல் எந்த மணிக்கூடு வந்தாலும் எந்த நேரத்துக்கு வைக்க என்று கேட்டு, துண்டில் எழுதிக் கட்டிய பிறகே சாவியைத் தொட்டேன். தொழிலுக்கு வருகிறவர்களுக்கும் அதைத்தான் சொல்வேன்: மணிக்கூட்டைத் திருத்த முதல், அதைக் கட்டுகிறவர் எங்கே போகிறார் என்று கேளுங்கள். பிழை விட்டால் அந்த இடத்திலேயே வாயைத் திறவுங்கள், ஸ்ரேசன் வரைக்கும் கொண்டுபோகாதீர்கள்.

சில வருசத்தில் அரசாங்கம் பழைய நேரத்துக்கே திரும்பியது. ஓமந்தைக்கு இரண்டு பக்கமும் ஒரே நேரம். அந்தக் கிழமை ரீச்சர் வந்து மணிக்கூட்டைக் கழற்றி என் மேசையில் வைத்தார்.

"இப்ப எல்லா இடமும் ஒரே நேரம்தானே. இனி உங்களாலையும் பிழை விடேலாது. பற்றறி போடுங்கோ."

நான் துண்டையும் பேனையையும் எடுத்தேன்.

"எந்த நேரத்துக்கு வைக்க, ரீச்சர்?"