நகத்தில் மண்ணுள்ள அங்கத்தினர்

நகரசபைக் கூட்டத்துக்குக் கிளம்பும்போது அய்யாக்கண்ணு கோட்டுப் போடுகிறார், தலைப்பாகை கட்டுகிறார், நகத்தில் இருக்கும் மண்ணை மட்டும் எடுப்பதில்லை. மனைவி வடிவம்மாள் ஈர்க்குச்சியை நீட்டிக்கொண்டு வாசல்வரை பின்னாலேயே போகிறார். "இருக்கட்டும் புள்ள. தோட்டக்காரன் வந்திருக்கான்னு அந்த மேசைக்குத் தெரியணும்ல" என்று சொல்லிவிட்டு இவர் சைக்கிளில் ஏறிவிடுகிறார்.

தண்ணீர்மலைப் பக்கம் ஒன்றரை ஏக்கர் காய்கறித் தோட்டம். பாகல், கத்தரி, கீரை. இருபது வருஷமாகத் தோள்கம்பில் தகரம் தகரமாகத் தண்ணீர் சுமந்ததில் வலது தோள் சற்று இறங்கிவிட்டது. பசாரில் வியாபாரிகள் நிறுவையில் ஏமாற்றியபோது, தோட்டக்காரர்களைச் சேர்த்துக்கொண்டு நான்கு நாள் ஒரு கீரைக்கட்டுகூட பினாங்குப் பட்டணத்துக்குள் போகாமல் செய்தவர் இவர்தான். அதற்குப் பிறகே சர்க்கார் கூப்பிட்டுச் சபையில் நாற்காலி கொடுத்தது. நாற்காலி கொடுத்தால் வாய் அடைபடும் என்று நினைத்தார்கள் போலும். இங்கிலீஷ் தெரியாதவர், தலையாட்டிவிட்டுப் போவார் என்ற நம்பிக்கை வேறு. நல்ல ஆளாகப் பார்த்துத்தான் பிடித்தார்கள்!

சபையில் குறிப்பெழுதும் கிராணி கமாலுதீன் ஒவ்வொரு தீர்மானத்தையும் தமிழில் சொல்லி முடிக்கும்வரை அய்யாக்கண்ணு கை தூக்குவதில்லை. புரியாவிட்டால், "இன்னொரு தடவ சொல்லு தம்பி, அவசரமில்லலா" என்பார். அரை மணியில் முடிந்துகொண்டிருந்த கூட்டம் இப்போது மத்தியானம் தாண்டுகிறது. ஒருநாள் தலைவர் துரை பைக்கடிகாரத்தை எடுத்து மேசைமேல் வைத்துப் பார்த்தார். நல்ல கடிகாரம் என்று இவர் பாராட்டினாராம்.

போன மாதம் வந்தது அந்தத் தீர்மானம். தண்ணீர்மலைப் பக்கத்து இருபத்திரண்டு காய்கறித் தோட்டங்களையும் எடுத்துக்கொண்டு டென்னிஸ் மைதானம் போடுவது. நிலம் சர்க்காருடையது, தோட்டக்காரர்கள் கையில் இருப்பது வருஷா வருஷம் புதுப்பிக்கும் சீட்டு மட்டும். அத்தனை குடும்பமும் எங்கே போகும் என்று யாரும் கேட்கவில்லை. கூட்டத்துக்கு முந்திய நாள் சக அங்கத்தினர் ஒருவர் தோட்டத்துக்கே வந்து, பேசாமல் கை தூக்கினால் இவருடைய ஒன்றரை ஏக்கரை மட்டும் விட்டுவிடுவார்கள் என்று நைசாகச் சொன்னார். வந்தவருக்கு ஒரு கட்டுக் கீரை கொடுத்து அனுப்பிவிட்டார் இவர்.

மறுநாள் சபையில் எழுந்து நின்றார். "என் தோட்டத்த விட்டுடறதா நேத்து ஆள் வந்து சொன்னாங்க. மத்த இருபத்தொண்ணையும் விடுங்க, அப்புறம் கையத் தூக்குறேன். இதையும் எழுதிக்க கமாலுதீன்."

கிராணி அதையும் எழுதிக்கொண்டார். ஏழுக்கு ஒன்று என்று தீர்மானம் நிறைவேறியது.

திங்கட்கிழமை நான் அவரைப் பார்க்கத் தோட்டத்துக்குப் போனபோது நில அளவைக்காரர்கள் வந்து போயிருந்தார்கள். பாத்திகளின் நடுவே, தலையில் சிவப்புச் சாயம் பூசிய முளைக்கட்டைகள் இடுப்புயரத்துக்கு வரிசையாக நின்றன. பிடுங்கினால் சிறை என்று ஒரு பலகை. அய்யாக்கண்ணுவின் பதவிக்காலமும் அடுத்த மாதம் முடிகிறது; மறுபடி நாற்காலி வராது என்பது ஊருக்கே தெரியும். இனி என்ன செய்வதாக உத்தேசம் என்று கேட்டேன்.

"பிடுங்கினாத்தானே குத்தம், தம்பி. நான் ஏன் பிடுங்கப் போறேன்?"

இடுப்பில் செருகியிருந்த வாழைநாரை உருவினார். குனிந்து, தரையில் கிடந்த இளம் பாகற்கொடியைத் தூக்கிச் சர்க்கார் முளையில் இரண்டு சுற்றுச் சுற்றி இறுக்கிக் கட்டினார். பிறகு அடுத்த முளைக்குப் போனார்.