இரண்டு தட்டு

என் அக்காள் புருஷன் ஓட்டுகிற லாரியின் பின்கதவில் ‘இந்த வண்டியை ஓட்டுபவர் போர் வீரர்’ என்று முதலாளி எழுதி வைத்திருந்தார். சண்டையில் குண்டு விழுந்துகொண்டிருந்தபோது பதினோரு பேரை ராணுவ லாரியில் ஏற்றிக் காப்பாற்றியவர் அத்தான். மேசை நாற்காலி விற்கிற முதலாளிக்கு அது ஓசி விளம்பரம். அத்தான் அந்த எழுத்தை ஏறெடுத்தும் பார்க்க மாட்டார்.

நான் அதே வண்டியில் சுமை தூக்குகிறவன். சாமானோடு ஆட்களும் ஏறியதும் பக்கப் பலகையில் இரண்டு தட்டு தட்டுவேன். வேறு யாராக இருந்தாலும் வண்டியைக் கிளப்புவான். இவர் இறங்குவார். வண்டியைச் சுற்றி வருவார், அடியில் குனிந்து பார்ப்பார், பின்கதவைத் திறந்து எங்களை எண்ணுவார். ஏறி உட்கார்ந்துவிட்டு மறுபடியும் இறங்குவார். எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போலிருக்கும். வீட்டிலும் இதே கூத்துதான். இரண்டு வாய் சாப்பிடுவதற்குள் எழுந்து வாசலுக்குப் போய்விடுவார்.

“நாளைக்கும் லேட்டாச்சுன்னா வேற ஆள் பாத்துக்கறேன்” என்று முதலாளி சொல்லிவிட்டார். அக்கா என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். “இந்த வேலையும் போச்சுன்னா மனுஷன் வீட்டுக்குள்ளயே நடந்து நடந்து பைத்தியமாயிடுவார்டா. நீதான் எப்படியாவது சமாளிக்கணும்.”

மறுநாள் ஒரு பள்ளிக்கூடத்துக்கு பெஞ்சுகள். ஏற்றி முடித்துத் தட்டினேன். இறங்கினார். மறுபடி தட்டினேன். மறுபடி இறங்கினார். எனக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது.

“எல்லாரும் ஏறியாச்சு அத்தான். நான்தான் சொல்றேன்ல?”

“அன்னைக்கும் இப்படித்தான் சொன்னாங்க.” பின்கதவை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தார். “தட்டினாங்க, எடுத்துட்டேன். கண்ணாடியில பாத்தா ஒருத்தன் கையை ஆட்டிக்கிட்டே ஓடி வரான். எனக்கு பயம். பிரேக்கை மிதிக்கவே இல்லடா.”

“பதினோரு பேரைக் காப்பாத்தினீங்களே அத்தான்.”

“போகும்போது பன்னெண்டு பேரைக் கூட்டிட்டுப் போனேன்.”

இத்தனை நாள் அவர்மேல் எரிந்து விழுந்ததை நினைத்து வெட்கமாக இருந்தது. கீழே குதித்து அவரோடு சேர்ந்து வண்டியைச் சுற்றினேன். அவருக்குப் போதும் என்று படுகிற வரைக்கும் சுற்றினோம்.

முதலாளி சொன்னதைச் செய்தார். பின்கதவு எழுத்தைச் சுரண்டும் வேலையும் என் தலையில்தான் விழுந்தது. அத்தான் வீட்டில் வாசலுக்கும் அடுப்படிக்கும் நடந்துகொண்டிருக்கிறார். அக்காவின் முகத்தைப் பார்க்க எனக்குத் தெம்பில்லை.

புது ஓட்டுநர் படு சுறுசுறுப்பு. தட்டின கையை எடுப்பதற்குள் வண்டி நகர்ந்துவிடும். அதனால் ஏறுவதற்கு முன்னால் இப்போது நான் ஒருமுறை சுற்றி வருகிறேன்.