கமலேஸ்வரி கொடுக்காத திறப்பு

கமலேஸ்வரியிடம் யாரும் வலியப் போய்ச் சண்டை பிடிக்கத் தேவையில்லை. அவளே தேடி வருவாள். திருகோணமலைச் சந்தைக்குப் பக்கத்துச் சீலைக்கடையில் வேலை செய்த காலத்திலும் இப்படித்தான். சீலைக்கு ஏற்ற சட்டைத்துணி தேடி வருகிற பெண்களைக் கையைப் பிடித்துத் தெருவுக்கு இழுத்துக்கொண்டு போவாள். "கடை வெளிச்சத்தை நம்பி வாங்காதீங்கோ. வெயில்ல ஒருக்காப் பிடிச்சுப் பாருங்கோ." பிடித்துப் பார்த்தவர்களில் பாதிப் பேர் வாங்காமலே வீட்டுக்குப் போனார்கள். முதலாளி எத்தனை நாள்தான் பொறுப்பார்? ஒருநாள் ஆட்களுக்கு முன்னால் வாய்க்கு வந்தபடி ஏசினார். அவள் அளவுகோலை மேசையில் வைத்தாள். "உங்கட டியூப் லைற் பொய் சொல்லும். நான் சொல்ல மாட்டன்," என்று படியிறங்கி நடந்தாள். பிறகு அவளுடைய வீட்டு முன்னறையில் தையல் மெஷின் ஓடத் தொடங்கியது.

இந்தக் குணம் ஒளிச்சபையில் ஒட்டிக்கொண்டது என்பார்கள் சிலர். அவள் பிறந்த ஈச்சிலம்பற்றில் தாயைத் தெரிந்தவர்கள் அதைக் கேட்டுச் சிரிப்பார்கள்; தாயும் இப்படித்தான்.

ஒளிச்சபை என்பது உள்துறைமுகத்தைப் பார்த்த சரிவில் இருக்கிற ஒரு சின்ன மண்டபம். சாமி இல்லை, படம் இல்லை. மேற்கே ஒரு பெரிய யன்னல், அதற்கு எதிரே சுண்ணாம்பு அடித்த வெறுஞ்சுவர். துறைமுகத்தில் விளக்குத் துடைத்த இராசையா என்பவர் அந்தக் காலத்தில் தொடங்கி வைத்தது. அவர் துடைத்த விளக்கு ஒன்றுதான். ஆனால் அதன் ஒவ்வொரு பக்கத்துக்கும் ஒவ்வொரு நிறக் கண்ணாடி போட்டிருந்தது. ஒரு பக்கத்தால் வருகிற வள்ளத்துக்குச் சிவப்பு, மற்றப் பக்கத்தால் வருவதற்குப் பச்சை. விளக்கு என்ன நிறம் என்று கரையில் இரண்டு பேர் சண்டை பிடித்ததை விலக்கிவிட்ட அன்று அவருக்கு அந்த யோசனை வந்ததாம். நிறம் பொருளில் இல்லை, கண்ணிலும் இல்லை. வெளிச்சம் வந்து சேருகிற வழியில் இருக்கிறது. வழிக்கு வழி அது வேறு. ஆகவே தனக்கு வந்ததை உள்ளபடி சொல்ல வேண்டும், மற்றவருக்கு வந்ததைக் காதுகொடுத்துக் கேட்க வேண்டும். சபையின் தத்துவம் முழுவதும் இவ்வளவுதான். இதைச் செய்து பார்த்தால்தான் எவ்வளவு கஷ்டம் என்று தெரியும்.

அந்தி வெயில் யன்னலால் வந்து சுவரில் விழும்போது சபை கூடும். ஒவ்வொருவராகத் தான் காண்பதைச் சொல்வார்கள். மற்றவர்கள் "கேட்டோம்" என்பார்கள். ஒரேயொரு தடை உண்டு. அங்கே யாரும் யாரையும் பார்த்துப் பிழை என்று சொல்லக்கூடாது. வாய் தவறிச் சொன்னவர் வெளியே போய்ச் செருப்பைப் போட்டுக்கொண்டு, புது ஆளைப்போல வாசலில் நின்று "வரலாமா?" என்று கேட்க வேண்டும். மண்டபத்தின் திறப்பை, அதாவது சாவியை, வைத்திருப்பவர் ஓம் என்றால்தான் உள்ளே வரலாம். அந்தத் திறப்புக்காரர்தான் கதவைத் திறப்பவர், எல்லாரும் சொன்ன பிறகு கடைசியாகச் சொல்பவர்.

திறப்பு வெகுகாலமாகக் கமலேஸ்வரியின் இடுப்பில்தான் இருந்தது. ஊரடங்குக் காலத்தில் ஒருவரும் வராத அந்திகளிலும் அவள் வீடுகளின் பின்வளவுகளால் புகுந்து போய் அந்த யன்னலைத் திறந்துவிட்டாள். வெளிச்சத்துக்கு ஊரடங்கு இல்லை என்பது அவளுடைய கட்சி.

பிறகு சீனி வருத்தம், அந்த நீரிழிவு, கண்ணில் கைவைத்தது. போன பார்வை இனி வராது என்று கிளினிக்கில் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார்கள். ஊசிக்கு நூல் கோக்க முடியாமல் போனது. மெஷினை இப்போது பக்கத்து வீட்டு றுக்கியா ஓட்டுகிறாள். மிச்சமாக இருந்தது அந்தத் திறப்பு ஒன்றுதான். அதற்கும் ஆள் வந்தது.

சபைத் தலைவர் இரத்தினசிங்கம் அரசாங்கக் கந்தோரில் வேலை பார்த்து இளைப்பாறியவர். கெட்ட மனிதர் இல்லை, கூட்டம் வைக்காவிட்டால் அவருக்குச் சாப்பாடு இறங்காது, அவ்வளவுதான். வீட்டுக்கு வந்து கதிரையில் இருந்தபடி மெல்லக் கதையைத் தொடங்கினார்.

"திறப்பை இனி வேற ஆளிட்டக் குடுப்பம், தங்கச்சி. உங்கட நன்மைக்குத்தான் சொல்லுறன்."

"என்ர நன்மையை நான் பார்ப்பன், அண்ணை. அதுக்குக் கண் தேவையில்லை."

அவர் தேத்தண்ணியைக் குடித்துவிட்டு எழும்பிப் போனார். இரண்டொரு நாளில் ஊருக்குள் ஒரு கதை உலாவியது. றுக்கியா காதில் விழுந்ததை மறைக்காமல் சொன்னாள்: "அக்கா, நீங்க கடைசியாச் சொல்றதால மத்தவங்க சொன்னதைக் கேட்டுத் திருப்பிச் சொல்றீங்களாம். தலைவர்தான் சொல்லித் திரியிறாராம்."

கமலேஸ்வரி அன்று சாப்பிடவில்லை. குருடி என்றிருந்தால் பொறுத்திருப்பாள்; அது வருத்தம். கள்ளி என்றது நெஞ்சில் தைத்தது. கோபத்துக்கு அடியில் பயமும் இருந்தது. திறப்பும் போனால் அந்தியில் தனக்கு எங்கே போக இருக்கிறது?

அடுத்த சபைக்குக் கூட்டம் நிரம்பி வழிந்தது. றுக்கியா அவளைக் கைபிடித்துக் கூட்டிவந்து விட்டுவிட்டு, வழக்கம்போல வாசற்படியில் இருந்துகொண்டாள். தலைவர் எழும்பினார்.

"இண்டைக்கு ஒரு சின்ன மாற்றம். திறப்புக்காரர் முதல் சொல்லட்டும்."

ஏன் என்று எல்லாருக்கும் விளங்கியது. அவளுக்கும் விளங்கியது. முதுகில் வெயில் சுள்ளென்று பட்டது. வானத்தில் முகில் இல்லை என்று றுக்கியா வழியிலேயே சொல்லியிருந்தாள். செம்மஞ்சள் என்று ஒரு சொல் சொன்னால் போதும், திறப்பு அவளுக்கே. இந்தக் கரையில் பிறந்து வளர்ந்த எவரும் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடுவார்கள். அவள் எழும்பிச் சுவரைப் பார்த்து நின்றாள்.

"நடுவில கறுப்பு. அதைச் சுத்திவரச் சாம்பல். ஓரத்தில கொஞ்சம் வெளிச்சம். அது என்ன நிறமெண்டு சொல்ல எனக்கு ஏலாது. எனக்கு வந்தது இவ்வளவுதான்."

ஒருவரும் "கேட்டோம்" என்று சொல்லவில்லை. தலைவருக்குத் தான் தேடிய சாட்சி கையில் கிடைத்துவிட்டது. அந்தச் சந்தோசத்தில் நிதானம் தப்பிவிட்டது.

"பிழை! சுவர் நல்ல செம்மஞ்சளா நிக்குது. சின்னப் பிள்ளைக்கும் தெரியும்!"

பின்வரிசையில் யாரோ இருமினார்கள். தன் வாயிலிருந்து என்ன வந்தது என்று இரத்தினசிங்கத்துக்கு மெதுவாகத்தான் உறைத்தது.

கமலேஸ்வரி குரல் வந்த பக்கம் திரும்பினாள். "என்ர கண் பழுதெண்டு சொல்லுங்கோ, ஓம் எண்டுவன். எனக்கு வந்ததைப் பிழையெண்டு சொன்னால் இராசையா துடைச்ச விளக்கும் பிழைதான். இந்தச் சுவர் என்னத்துக்கு? இடிச்சுப்போட்டுக் கடை கட்டுவம், வாடகையாவது வரும்."

"நான் அப்பிடி நினைச்சுச் சொல்லேல்ல, தங்கச்சி..."

"செருப்பு வாசல்ல கிடக்கு, அண்ணை."

பெண்கள் பக்கமிருந்து முதலில் ஒரு குரல் "கேட்டோம்" என்றது. பிறகு இன்னொன்று. பிறகு மண்டபம் முழுவதும். அது தலைவருக்கான பதில் இல்லை. அவள் சுவரைப் பார்த்துச் சொன்னதற்கு, பிந்தி வந்த பதில். அவர் தலையைக் குனிந்துகொண்டு வெளியே போனார். றுக்கியா படியில் ஒதுங்கி வழி விட்டாள். சிரிப்பை அடக்க அவள் பட்ட பாடு கொஞ்சமில்லை.

"வரலாமா?" என்று வாசலில் ஒரு மெல்லிய குரல்.

"விளங்கேல்ல. வடிவாச் சொல்லுங்கோ," என்றாள் கமலேஸ்வரி உள்ளேயிருந்து.

"வரலாமா?"

அவள் அவசரப்படவில்லை. இடுப்பில் இருந்த திறப்பைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். "ஓம், வாங்கோ. வந்து சுவரைப் பார்த்து உங்களுக்கு வாறதைச் சொல்லுங்கோ."

அதற்குள் வெயில் துறைமுகத்துக்கு அப்பால் இறங்கிவிட்டது. இரத்தினசிங்கம் சுவரை வெகுநேரம் பார்த்தார். செம்மஞ்சள் எங்கேயும் இல்லை.

"சாம்பல்," என்றார்.

"கேட்டோம்," என்றாள் கமலேஸ்வரி, எல்லாரையும் முந்திக்கொண்டு, எல்லாரையும் விட உரத்து.