உப்புக் கரித்த கடலைப் புளிப்பு

விடியற்காலையில் கொண்டைக்கடலைச் செடியின் இலையை நக்கினால் நாக்கு சுள்ளென்று புளிக்கும், பனியில் வெடித்த உதட்டில் பட்டால் எரியும். செடியே கசியவிடும் அந்தப் புளிப்பு, பனியில் கரைந்து இலையெல்லாம் நிற்கும். ஆம்பூர்ப் பக்கம் பாலாற்றங்கரையில் எங்களுக்கு இருந்த துண்டு நிலத்தில், மார்கழி, தை முழுவதும் என் அம்மா சாயங்காலமே பழைய வேட்டிகளைச் செடிகள்மேல் விரித்துவிட்டு, விடிந்ததும் பிழிந்து ஜாடியில் சேர்ப்பாள். "கடலைப் புளிப்பு" என்று அதற்குப் பெயர். வயிற்றுவலி என்று வருகிறவர்களுக்குக் கொடுப்பாள். வேட்டி எவ்வளவு புளிக்கிறதோ அவ்வளவு காய் பிடிக்கும் என்பது எங்கள் ஊர்க் கணக்கு. அந்தக் கணக்கில்தான் ஏமாந்தோம்.

அறுபதுகளின் தொடக்கத்தில், எங்களுக்கு மேற்கே தோல் பதனிட்டுக்கொண்டிருந்த "தோல் ஷாப்பு" பெரிதானது. உப்புத் தடவி வந்து இறங்கும் தோலை ஊறவைத்துக் கழுவிய தண்ணீரைக் கூசாமல் கால்வாயில் திறந்துவிட்டார்கள். பூ விடும் முன் நாங்கள் ஒரு தடவை பாய்ச்சுவது அந்தக் கால்வாய்த் தண்ணீரைத்தான். அந்த வருடம் பாய்ச்சிய சில நாளில் தண்டிலும் அடி இலையிலும் வெள்ளை பூத்தது. புளிப்பு காய்ந்தாலும் வேட்டியில் வெள்ளையாகத்தான் நிற்கும். அதனால் அப்பா, இந்த வருசம் புளிப்பு ஜாஸ்தி என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். ஊரும் வந்து பார்த்துத் தலையாட்டியது. அம்மாதான் பிழிந்த தண்ணீரை நாக்கில் வைத்துத் துப்பினாள்.

"இது புளிப்பில்ல. உப்பு. நீயே நக்கிப் பாரு."

அப்பா நக்கிப் பார்த்தார். அவரும் துப்பினார். அறுவடையில் பாதிக் காய் வெறும் கூடு.

அப்பா தோல் ஷாப்பு மேஸ்திரியிடம் போய்க் கேட்டார். "உப்புதானே நைனா, வெசமா கலந்துட்டோம்? நீ இன்னா, உப்பில்லாத சோறு துன்றியா?" என்றான் அவன். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். பிறகு விளைச்சல் குறைந்ததற்குக் காரணம் எழுத ஓர் அதிகாரி வந்தார். பனி போதவில்லை என்று எழுதினார். அறுத்த நிலத்தில் ராத்திரி விரித்து, பனியில் சொட்டச் சொட்ட நனைந்திருந்த வேட்டியை அவர் முகத்துக்கு நேரே அம்மா பிழிந்து காட்டினாள். அந்த ஆள் செருப்பில் தண்ணீர் படாமல் நகர்ந்து ஜீப்பில் ஏறினார்.

அடுத்த வருடம் விளைச்சல் இன்னும் கம்மி. அதற்கடுத்த வருடம் விதைத்த விதைகூடத் திரும்பவில்லை. அப்பா அதே ஷாப்பில் தோல் கழுவும் குழிக்கு வேலைக்குப் போனார். உப்பில் கை வெடித்து ரத்தம் கசிந்தது. செடிமேல் விரித்த வேட்டிகளைக் கிழித்துத்தான் அம்மா அந்தக் கைகளுக்குக் கட்டுப்போட்டாள்.

இன்று அந்த நிலத்தில் சீமைக்கருவேலம் நிற்கிறது. ஆம்பூர்க் கடையில் கப்பலில் வந்த கொண்டைக்கடலை விற்கிறார்கள். போன மாதம் உள்ளூர்க் கடலை இருக்கிறதா என்று கேட்டேன். கடைக்காரர் சிரித்தார். "அதெல்லாம் நம்ம மண்ணுக்கு வராதும்மா."

வந்தது ஐயா. இலையை நக்கியவள் சொல்கிறேன்.