மெஸ் என்றால் குப்பை

என் பள்ளிக்கூடச் சட்டையின் காலரை மூக்குக்குப் பக்கத்தில் இழுத்து முகர்ந்தால் மல்லியும் சீரகமும் சின்ன வெங்காயமும் சேர்ந்து வதங்கிய வாசனை வரும். எத்தனை முறை சோப்புப் போட்டு அலசினாலும் அது போகாது, ஏனென்றால் துவைத்த துணியைக் காயப்போட எங்களுக்கு இருந்த ஒரே இடம் அடுப்படிக்குப் பக்கத்தில் கட்டியிருந்த கொடிதான். வகுப்பில் என் அருகே உட்கார்ந்த பிள்ளைகள் "பசிக்குதுடி, தள்ளி உக்காரு" என்பார்கள். அதை நான் கேலியாக எடுத்துக்கொண்டதே இல்லை. ஏழாம் வகுப்பின் பாதி வரைக்கும் அந்த வாசனைக்குச் சொந்தக்காரி என்பதில் எனக்குக் கொஞ்சம் திமிர்கூட இருந்தது.

திண்டுக்கல் நாகல் நகரில் அம்மா மெஸ் வைத்திருந்தாள். குஜிலியம்பாறைப் பக்கத்து மானாவாரிக் காட்டில் மழை அடுத்தடுத்துப் பொய்த்த பிறகு, கைக்குழந்தையாக இருந்த என்னைத் தூக்கிக்கொண்டு அப்பாவும் அம்மாவும் டவுனுக்கு வந்திருக்கிறார்கள். அப்பா மார்க்கெட்டில் மூட்டை தூக்கப் போனார். அம்மா வாடகை வீட்டின் முன்னறையில் நாலு பெஞ்சைப் போட்டுச் சமைத்துப் போடத் தொடங்கினாள். வாசலுக்கு மேலே தகரப் பலகையில் நீலப் பெயிண்டில் "பஞ்சவர்ணம் மெஸ்" என்று எழுதியிருக்கும். பஞ்சவர்ணம் என்பது அம்மாவின் பெயர். டெப்போ மெக்கானிக்குகள், பூட்டுப் பட்டறை ஆட்கள், லோடுமேன்கள், குடும்பத்தை வெளியூரில் விட்டுவிட்டுத் தனியாக அறை எடுத்துத் தங்கிய கிளார்க்குகள் என்று தினம் நாற்பது பேருக்குக் குறையாமல் வருவார்கள். யாருக்குக் காரம் ஆகாது, யாருக்கு மோர் இல்லாமல் இறங்காது என்பதெல்லாம் அவளுக்கு மனப்பாடம். "அப்பு, இன்னுஞ் செத்த வெஞ்சனம் வச்சுக்க, வெறுஞ்சோத்தப் பெசஞ்சுக்கிட்டு இருக்க" என்று பொரியலையோ கூட்டையோ அவர்கள் வேண்டாம் என்று சொல்லி முடிப்பதற்குள் தட்டில் வைத்துவிடுவாள்.

ஹோட்டலுக்கும் மெஸ்ஸுக்கும் என்ன வித்தியாசம் என்று எங்கள் தெருவில் யாரைக் கேட்டாலும் சொல்லியிருப்பார்கள். ஹோட்டலில் நீங்கள் கேட்டது வரும். மெஸ்ஸில் அன்றைக்கு என்ன ஆக்கினார்களோ அதுதான் வரும், ஆனால் வயிறு நிறைகிற வரைக்கும் வரும். ஹோட்டலில் நீங்கள் ஒரு மாதம் வராவிட்டாலும் யாருக்கும் தெரியாது. மெஸ்ஸில் இரண்டு நாள் வராவிட்டால், கூடத் தங்கியிருக்கிற ஆளிடம் "அவனுக்குக் காச்சலா, ரசஞ்சோறு குடுத்து விடவா" என்று விசாரிப்பார்கள். அந்தச் சொல் இங்கிலீஷ்ச் சொல் என்பதே ரொம்ப நாள் எனக்குத் தெரியாது. சோறு, குழம்பு மாதிரி அதுவும் எங்கள் வீட்டுச் சொல் என்றுதான் நினைத்திருந்தேன்.

அந்த மெஸ்ஸை நடத்தித்தான் அம்மா என்னை இங்கிலீஷ் மீடியம் பள்ளிக்கூடத்தில் சேர்த்தாள். சேர்த்தது தப்பு என்று சொல்ல மாட்டேன். ஆனால் எந்தப் பள்ளிக்கூடம், என்ன பேர் என்று மட்டும் கேட்காதீர்கள், வாயில் நல்ல வார்த்தை வராது. ஏழாம் வகுப்பில் இங்கிலீஷ் மிஸ் ஒரு வெள்ளிக்கிழமை "மை மதர்" என்ற தலைப்பில் பத்து வரி எழுதச் சொன்னார். நான் முதல் வரியையே பெருமையாக எழுதினேன்: "மை மதர் ஈஸ் ரன்னிங் எ மெஸ்." நோட்டைப் பார்த்ததும் மிஸ் சிரித்துவிட்டார். சிரித்ததோடு விட்டிருந்தால் பரவாயில்லை. என்னை எழுப்பி, வகுப்புக்கு முன்னால் நிறுத்தி, அந்த வரியை மூன்று தடவை சத்தமாகப் படிக்கச் சொன்னார். படித்தேன். பாராட்டப் போகிறார் என்றுதான் படித்தேன்.

"மெஸ்ஸுன்னா என்ன அர்த்தம்?" என்றார்.

"சாப்பாடு போடுற எடம், மிஸ்."

மேஜையில் கிடந்த கையடக்க அகராதியைப் புரட்டி, அந்தப் பக்கத்தை என்னிடம் நீட்டி, அதையும் படிக்கச் சொன்னார். குப்பை, அழுக்கு, அலங்கோலம். அவ்வளவுதான் போட்டிருந்தது. "அப்ப உங்க அம்மா குப்பையவா நடத்துறாங்க?" என்று கேட்டார். வகுப்பே விழுந்து விழுந்து சிரித்தது. சிவப்பு மையில் அந்தச் சொல்லை அடித்துவிட்டு மேலே "ஹோட்டல்" என்று எழுதிக் கொடுத்தார். அன்று மத்தியானத்துக்குள் என் பெயர் "குப்பை" ஆகிவிட்டது. பத்தாம் வகுப்பு முடிகிற வரைக்கும் அந்தப் பெயர் போகவில்லை.

இத்தனை வருஷத்துக்குப் பிறகும் அந்த மிஸ்மேல் எனக்கு ஆத்திரம் தீரவில்லை. "வயசாச்சு, விட்டுத் தள்ளு" என்று சொல்பவர்கள் சொல்லிக்கொள்ளட்டும், நான் விடுவதாக இல்லை. அவர் ஒன்றும் கெட்டவர் இல்லை, தப்பைத் திருத்தினார் என்று என் கணவர்கூட ஒரு தடவை பரிந்து பேசினார். தப்பைத் திருத்த வேண்டுமானால் நோட்டில் திருத்தலாமே. ஒரு பிள்ளையை நிற்க வைத்து, அவள் அம்மா பார்க்கிற வேலைக்கு அவள் வாயாலேயே குப்பை என்று பெயர் வைக்கச் சொல்வதற்குப் பெயர் திருத்தமா? ஆனால் அவரைத் திட்டுகிற வேகத்தில், அடுத்த நாள் நான் செய்ததைச் சொல்லாமல் விட்டால் அது அயோக்கியத்தனம்.

அடுத்த நாள் சனிக்கிழமை, அரை நாள் பள்ளிக்கூடம். நான் வீட்டுக்கு வந்தபோது பெஞ்சுகள் நிறைந்திருந்தன. அம்மா என்னைப் பார்த்ததும் தட்டை எடுத்தாள். வேண்டாம் என்றேன்.

"ஏன்டி, மேலுக்குச் சரியில்லையா?" என்று கையை என் கழுத்தில் வைத்துப் பார்த்தாள். அந்தக் கையைத் தட்டிவிட்டேன்.

"மெஸ்ஸுன்னா குப்பைன்னு அர்த்தம். டிக்ஷனரியிலயே போட்டிருக்கு, ஹோட்டல்னுதான் எழுதணும்னு மிஸ் சொன்னாங்க. நீ குப்பைதான் நடத்துற. இங்க ஒக்காந்திருக்கவுக எல்லாம் குப்பையத்தான் திங்கிறாக. எனக்கு வேணாம்."

முன் பெஞ்சில் சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் டெப்போவில் மெக்கானிக். நான் மாமா என்று கூப்பிடுகிறவர். வாய்க்குக் கொண்டுபோன கை அப்படியே நின்றது. என்னைக் கண்டிப்பார் என்று நினைத்தேன். ஒரு அதட்டுப் போட்டிருந்தால்கூட இன்றைக்கு எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும். "பாப்பா இங்கிலீசு படிக்கிற பிள்ள, சரியாத்தான் சொல்லும்" என்று மெதுவாகச் சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்து சாப்பிடத் தொடங்கினார். அம்மா உள்ளே போய் ரசத்தை எடுத்துவந்து அவருக்கு ஊற்றினாள்.

அன்றைக்கும் ஞாயிற்றுக்கிழமையும் நான் வீட்டில் ஒரு வாய் சாப்பிடவில்லை. முக்குக் கடையில் பன் வாங்கித் தின்றேன். திங்கட்கிழமை சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது பலகையில் "மெஸ்" அழிந்து, அந்த இடத்தில் "ஹோட்டல்" என்று எழுதியிருந்தது. பழைய நீலம் கிடைக்கவில்லை போல, புதுச்சொல் கொஞ்சம் பச்சையாக இருந்தது. எனக்கு ஒரே சந்தோஷம். அன்றைக்கு இரண்டு தடவை சோறு வாங்கிச் சாப்பிட்டேன்.

அதற்கப்புறம் நடந்ததைக் கேளுங்கள். ரயிலில் வந்து இறங்குகிற வெளியூர்க்காரர்கள் பலகையைப் பார்த்துவிட்டு, பெட்டியும் கையுமாக உள்ளே வந்து "ரூம் இருக்குங்களா?" என்று கேட்கத் தொடங்கினார்கள். "ரூமெல்லாம் இல்லப்பு, சோறுதான் இருக்கு, ஒக்காருங்க" என்பாள் அம்மா. எங்கள் வாடிக்கைக்காரர்கள் சிரிப்பார்கள். அவர்கள் கடைசி வரைக்கும் மெஸ் என்றுதான் சொன்னார்கள். அம்மா ஒருத்திதான் அந்தச் சொல்லை விட்டுவிட்டாள். எங்கே வேலை பார்க்கிறாய் என்று யாராவது கேட்டால், "வேலையெல்லாம் இல்ல, வீட்டுல சும்மாதான் இருக்கேன்" என்பாள். ஒவ்வொரு வருஷமும் பள்ளிக்கூடத்தில் ஃபாரம் கொடுப்பார்கள், அம்மாவுக்குப் படித்துக் காட்டியபடியே நிரப்புவேன், அதில் தாயாரின் தொழில் என்று ஒரு வரி இருக்கும். "சும்மா இருக்காகன்னு எழுதிக்க" என்று அவளே சொல்லிவிடுவாள். நானும் "ஹவுஸ் ஒய்ஃப்" என்று எழுதினேன். என்னைப் பெண் பார்க்க வந்த வீட்டாரிடமும் அதையே சொன்னாள். விடிவதற்கு முன்னால் எழுந்து நாற்பது பேருக்கு உலை வைத்தவள் சும்மா இருந்தாளாம். அதைக் கேட்டுக்கொண்டு நானும் சும்மா இருந்தேன்.

மதுரையில் கல்லூரிக்குப் போனபோது அங்கே நூலகத்தில் தலையணை கனத்துக்கு ஒரு ஆங்கில அகராதி இருந்தது. சொற்கள் எங்கிருந்து வந்தன என்றும் அதில் போட்டிருக்கும். ஒருநாள் வேறு ஏதோ தேடப் போனபோது கை தானாக அந்தச் சொல்லுக்குப் போனது. நின்றபடியே படித்தேன். லத்தீனில் அனுப்பு, வை என்று பொருள்படும் ஒரு சொல். அதிலிருந்து, பந்தியில் கொண்டுவந்து வைக்கப்பட்டது. அது பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தபோது அர்த்தம், ஒரு ஆளுக்குப் பரிமாறிய உணவு. முதல் அர்த்தமே அதுதான். பிறகு விருந்தில் ஒரே பாத்திரத்திலிருந்து சேர்ந்து சாப்பிடுகிற சின்னக் கூட்டத்துக்கு அந்தப் பெயர் வந்திருக்கிறது. அதிலிருந்து பட்டாளத்துக்காரர்களும் கப்பல்காரர்களும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடும் இடத்துக்கு. வேறொரு பக்கமாக, குழைவான சாப்பாடு, கால்நடைக்குக் கலக்கி வைக்கிற தீனி, வாயில் வைக்க முடியாத கலவை என்று இறங்கி இறங்கிக் கடைசியில்தான், ஏதோ நேற்று முந்தாநாள் வந்த மாதிரி, குப்பையும் அலங்கோலமும் வருகின்றன.

அதாவது அம்மாவின் பலகை சரி. "சாப்பாடு போடுற எடம், மிஸ்" என்று நான் சொன்னதும் சரி. கையோடு "ஹோட்டல்" என்ற சொல்லையும் புரட்டினேன். அது தங்குவதற்கு அறை கொடுக்கும் இடம். பெட்டியோடு வந்து ரூம் கேட்டவர்கள்தான் சரியாகப் படித்திருக்கிறார்கள். எந்த இங்கிலீஷைக் காட்டி என் அம்மாவின் சொல்லை அந்த மிஸ் அடித்தாரோ, அந்த இங்கிலீஷின்படி அவர் எழுதிக் கொடுத்ததுதான் தப்பு. நூலகத்தில் நின்றுகொண்டு பல்லைக் கடித்தேன். அழுகையும் வந்தது, ஆனால் ஆத்திரம்தான் பெரிசாக இருந்தது.

உடனே பஸ் ஏறிப் போய் அம்மாவிடம் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை. சொன்னால் அந்தச் சனிக்கிழமையையும் சேர்த்துப் பேச வேண்டியிருக்குமே என்று தள்ளிப் போட்டேன். அடுத்த லீவு, அடுத்த பொங்கல் என்று போய்க்கொண்டே இருந்தது. அப்பா இறந்தார். அம்மாவுக்கு முழங்கால் விட்டுப்போனது, கடையை மூடினாள், என்னோடு வந்து இருக்கிறாள்.

போன மாதம் பள்ளிக்கூடத் தோழிகள் எல்லாரும் சேர்ந்து சாப்பிடலாம் என்று வாட்ஸ்அப்பில் முடிவு செய்தார்கள். இடம் பைபாஸ் ரோட்டில், ஏசி போட்ட ஒரு பெரிய கடை. வாசலில் ஆள் உயரத்துக்குத் தங்க நிற எழுத்தில் பெயர், பெயருக்குப் பின்னால் "மெஸ்". உள்ளே போக டோக்கன் வாங்கிக்கொண்டு காத்திருக்க வேண்டும். எனக்குக் "குப்பை" என்று பேர் வைத்து முதலில் கூப்பிட்டவள் எதிரே உட்கார்ந்து, இலையைப் படம் எடுத்துக்கொண்டே சொன்னாள்: "ஹோட்டல் சாப்பாடெல்லாம் வேஸ்ட்டுடி. மெஸ்ஸுன்னா மெஸ்தான்."

"மெஸ்ஸுன்னா குப்பைன்னுதானே சொன்னீங்க?" என்றேன். சாதாரணமாகக் கேட்க நினைத்தேன், குரல் உயர்ந்துவிட்டது. அவள் மற்றவர்களைப் பார்த்தாள். யாருக்கும் எதுவும் நினைவில்லை. "அப்படியா சொன்னோம்? இன்னுமாடி அதெல்லாம் ஞாபகம் வச்சிருக்க" என்று சிரித்தார்கள். நிஜமாகவே மறந்துவிட்டார்கள், நடிக்கவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. பரிமாறிய இலையை அப்படியே விட்டுவிட்டு எழுந்து வந்து ஆட்டோ பிடித்தேன்.

வீட்டில் அம்மா தரையில் காலை நீட்டி உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். செருப்பைக்கூடக் கழற்றாமல் எல்லாவற்றையும் கொட்டினேன். லத்தீன், பிரெஞ்சு, பந்தி, பட்டாளம், பைபாஸ் ரோட்டுக் கடை எல்லாம். நீ வைத்த பெயர்தான் சரி, அந்த மிஸ்தான் தப்பு, அவர் பேச்சைக் கேட்டுப் பலகையை மாற்றியிருக்கவே கூடாது என்றேன். அவள் கீரையை விட்டுக் கண் எடுக்காமல் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"இதுக்கா இம்புட்டுக் கோவம்?" என்றாள். "எனக்கு எழுத்தே தெரியாது. போர்டுல என்ன எழுதுனா எனக்கென்ன. அந்த டீச்சருக்காகவா மாத்துனேன்? ஊருக்கே சோறு போடுறேன், நாம் பெத்தது ரெண்டு நாளா பன்னத் தின்னுட்டுக் கெடந்துச்சு. நீ தட்டு முன்னாடி ஒக்காரணும்னு மாத்துனேன்."

"அப்ப சும்மா இருக்கேன்னு ஏம்மா சொன்ன, அத்தன வருஷமும்?"

"அந்த ஃபாரத்துல அந்த எடத்துக்கு வரும்போது ஒங் கை நின்னுபோகும். பாத்துக்கிட்டுத்தான இருந்தேன்."

நாகல் நகரில் அந்த வீடு இப்போது இல்லை. இடித்துவிட்டு செல்போன் கடை கட்டியிருக்கிறார்கள். பெஞ்சுகள் யார் வீட்டுக்குப் போயினவோ. பலகை இருந்த வாசலை யாரும் படம் எடுத்து வைக்கவில்லை, அந்தப் பேரோடு ஊரில் ஒரு துண்டுக் காகிதம்கூட மிச்சம் கிடையாது. இதையெல்லாம் வரிசையாக நினைத்துக்கொண்டு, இன்னும் யார்மேல் கோபப்படலாம் என்று தெரியாமல் நான் நின்றுகொண்டிருந்தபோது அம்மா நிமிர்ந்து, "அங்க சாப்டியா இல்லையா?" என்று கேட்டாள்.

"இலைய விட்டுட்டு எந்திரிச்சு வந்துட்டேன்."

அம்மா கீரைத் தட்டை ஒதுக்கி வைத்துவிட்டு, சுவரைப் பிடித்துக்கொண்டு மெல்ல எழுந்தாள்.

"யாரு மேலயோ உள்ள கோவத்தச் சோத்து மேல காட்டுறது ஒனக்கு இன்னும் போகலடி" என்று சொல்லிக்கொண்டே அடுப்படிக்குப் போனாள்.