கடைசி சீனில் வந்த வானம்

“இது அந்தக் கலரே இல்லையேம்மா” என்று நாக்பூரிலிருந்து போன் வந்தபோது மெஷினில் பேப்பர் ஏற்றியாகிவிட்டது. சிவகாசி ஆஃப்செட் அச்சகம் ஒன்றில் இருபத்தாறு வருடமாக ஷேடு பார்க்கிறவள் நான். இங்க் கலந்து, புரூஃப் பார்த்து, ஓட்டலாம் என்று நான் சொன்னால்தான் மெஷின் ஓடும்.

போன் செய்தவர் விருதுநகர்க்காரர், நாக்பூரில் பட்டாசு மொத்த வியாபாரி. கம்பி மத்தாப்புப் பெட்டிக்கு ஓர் இந்திப் படத்தின் கடைசி சீனில் வரும் வானத்தின் நிறம் வேண்டும் என்றிருந்தார். படத்தின் பெயரைத் தவிர வேறு எதுவும் தரவில்லை, புண்ணியவான்.

டிசைனர் கணேசன் உடனே ஒரு திருட்டுப் பிரிண்டை இறக்கித் தருகிறேன் என்றார். வேண்டாம் என்றேன். நம் லேபிளை அடுத்த அச்சகம் காப்பியடித்தால் சண்டைக்குப் போகிறோம், படம் எடுத்தவன் மட்டும் இளிச்சவாயனா?

இணையத்தில் ‘முழுப்படம்’ என்று போட்டதெல்லாம் டிரெய்லரும் விமர்சனமும்தான். கடைசியில் படக் கம்பெனியின் சொந்தப் பக்கத்துக்கே போனேன். எந்த ஆப்பில் இருக்கிறது என்று அங்கே தெளிவாகப் போட்டிருந்தார்கள். வாடகைக்கு எடுத்து, குவாலிட்டியை உச்சத்தில் வைத்து, திரையின் மஞ்சள் ஃபில்டரை அணைத்துவிட்டுப் பார்த்தேன். வானம் சுத்தமான வாடாமல்லி. அதே ஷேடில் இங்க் கலந்து புரூஃப் அனுப்பினேன்.

அதைப் பார்த்துவிட்டுத்தான் இந்த போன். “செங்காவியால்ல இருந்துச்சு. நீங்க வாடாமல்லி அனுப்பிருக்கீக. சரிப்படலைன்னா வேற பிரஸ் பாத்துக்கிடுதேன்.”

முதலாளி அண்ணாச்சி என் முகத்தையே பார்த்தார். என் பொறுப்பு என்று அவரிடம் சொல்லியிருந்தவள் நான். சீசன் ஆர்டர் போனால் என் பேச்சுக்கு அப்புறம் என்ன மதிப்பு?

“படத்தை எதுல பாத்தீக?” என்று கேட்டேன்.

சிரித்துக்கொண்டே சொன்னார். யாரோ தியேட்டரில் போனை வைத்துப் பிடித்த காப்பியாம். நான் பார்த்த ஆப்பின் லிங்கை அனுப்பி, கடைசிப் பத்து நிமிஷம் மட்டும் பாருங்கள் என்றேன். மனுஷன் குடும்பத்தோடு உட்கார்ந்து முதலிலிருந்து பார்த்திருக்கிறார். அவ்வளவு நேரமும் மெஷின் நின்றது. என் கலர் சரி என்று தெரியும், ஆனாலும் புரூஃபை ரெண்டு தரம் ஜன்னல் வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தேன், பொய் சொல்வானேன்.

மூன்று மணி நேரம் கழித்துப் பேசினார். “நான் முன்ன பாத்தது படமே இல்ல போலருக்கு. ஓட்டுங்கம்மா.”

பிழை என்னுடையதும்தான். நல்ல பிரிண்டைத் தேடத் தெரிந்த எனக்கு, அவரிடம் முதலிலேயே ஒரு வார்த்தை கேட்கத் தோன்றவில்லை. இப்போதெல்லாம் யார் எந்தப் படத்தைச் சொல்லி ஷேடு கேட்டாலும், எதில் பார்த்தீர்கள் என்று கேட்ட பிறகுதான் இங்க் டப்பாவைத் திறக்கிறேன்.